தொண்ணூற்றொன்பது ரூபாய் அசல்

2023 கோடையில் ஒரு நாள் என் சித்தி மகன் போன் செய்தான். அதற்கு முந்தைய ஆண்டு ஏப்ரலில், தாம்பரத்துக்கு அப்பால் ஒரு பழைய தனிவீட்டை வாங்கியிருந்தான். விலை 50 லட்சம். வங்கிக் கடன் 40 லட்சம், 7 சதவீத வட்டி, 20 வருடம், மாதத் தவணை 31,012 ரூபாய்.

"அண்ணே, வட்டி ஏறிடுச்சு ஏறிடுச்சுன்னு எல்லாரும் பொலம்புறாங்க. எனக்கு ரெண்டாயிரந்தான் கூடியிருக்கு. பரவாயில்லல்ல?"

வங்கியிலிருந்து வந்த செய்தியை அப்படியே எனக்கு அனுப்பச் சொன்னேன். புதிய தவணை 33,038 என்றிருந்தது. அதற்கு அடுத்த வரியில் இன்னொரு எண் இருந்தது. மீதமுள்ள தவணைகள் 348. அதை அவன் கவனிக்கவே இல்லை.

ஒரு வருடம் கட்டி முடித்தவனுக்கு 228 தவணைகள்தான் மிச்சமிருக்க வேண்டும். 348 என்றால் பத்து வருடம் கூடியிருக்கிறது. 34 வயதில் கடன் வாங்கியவன், 64 வயதுவரை கட்ட வேண்டும். அவன் கம்பெனியில் ஓய்வு வயது 58.

அன்றிரவு ஒரு லாங் சைஸ் நோட்டை எடுத்து உட்கார்ந்தேன். மூன்று வருடமாக அந்த நோட்டில் அவனுடைய கடனை எழுதிவருகிறேன். இங்கே தருவது அந்தக் கணக்குத்தான். படிக்க எளிதாக இருக்கட்டும் என்று சில எண்களை ஒழுங்குபடுத்தியிருக்கிறேன். படிப்படியாக ஏறிய வட்டியை முதல் வருட முடிவில் ஒரே தாவலாகவும், பின்னர் இறங்கியதை ஒரே படியாகவும் வைத்துக்கொண்டேன். பைசாக்களை விட்டுவிட்டேன்.

வீட்டுக்குள் கால் வைப்பதற்கு முன்பே ஆன செலவு முதல் பக்கத்தில் இருக்கிறது.

முன்பணம்: 10,00,000
முத்திரைத்தீர்வை 7%, பதிவுக் கட்டணம் 4%: 5,50,000
அடமானப் பத்திரத்துக்கு முத்திரைத்தீர்வை, கடனில் 0.5%: 20,000
வங்கியின் பரிசீலனைக் கட்டணம் 0.35%: 14,000
அதன்மேல் ஜி.எஸ்.டி. 18%: 2,520
வக்கீல், மதிப்பீட்டாளர்: 10,000
கூட்டுத்தொகை: 15,96,520

பத்திர எழுத்தர், வில்லங்கச் சான்று, நகல்கள் என்று சில்லறைச் செலவுகளையும் சேர்த்தால் 16 லட்சம். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான வீட்டுக் கடனுக்கு, வீட்டு மதிப்பில் 80 சதவீதத்துக்கு மேல் தரக்கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. பத்திரச் செலவை அந்த மதிப்பில் சேர்க்கவும் கூடாது. 10 லட்சத்துக்குள் அடங்கும் வீட்டுக்கு மட்டும் அதில் விலக்கு உண்டு. ஆகவே '80 சதவீதக் கடன் கிடைக்கும், 20 சதவீதம் தேற்றினால் போதும்' என்று நினைத்து இறங்குகிறவர் கையில் உண்மையில் 32 சதவீதம் இருக்க வேண்டும். (2023 ஏப்ரலில் தமிழ்நாட்டில் பதிவுக் கட்டணம் 4 சதவீதத்திலிருந்து 2 ஆகக் குறைந்தது. கூடவே வழிகாட்டி மதிப்பு உயர்ந்துவிட்டதால் பல இடங்களில் அந்த லாபம் கைக்கு வரவில்லை.)

தம்பியிடம் இருந்தது 11 லட்சம். பி.எஃப். பணம், அவன் மனைவியின் நகை, அம்மா தந்தது எல்லாம் சேர்த்து அவ்வளவுதான். குறைந்த 5 லட்சத்துக்குத் தனிநபர் கடன் வாங்கினான். 13 சதவீத வட்டி, 5 வருடம், மாதம் 11,377 ரூபாய். அந்த ஐந்து லட்சத்துக்கு வட்டி மட்டும் 1,82,600. வீட்டுக் கடனைப் பற்றிப் பேசும்போது இந்த இரண்டாவது கடனை யாரும் எழுதுவதில்லை. முதல் ஐந்து வருடம் குடும்பத்தின் கழுத்தை நெரிப்பது பெரும்பாலும் இதுதான். 31,012உம் 11,377உம் சேர்ந்து முதல் மாதமே 42,389 போனது.

கடன் பத்திரத்தில் கையெழுத்திடும் நேரத்தில் ஒரு காப்பீட்டையும் முன்னால் வைத்தார்கள். ஒரே தவணையில் 1 லட்சம் பிரீமியம், அதையும் கடனோடு சேர்த்துக்கொள்ளலாம் என்றார்கள். அவன் அதை மறுத்துவிட்டு, வெளியே சாதாரண டேர்ம் பாலிசி ஒன்று எடுத்தான். கடனோடு சேர்த்திருந்தால் அந்த 1 லட்சத்துக்கு 20 வருடத்தில் 1,86,072 ரூபாய் கட்டியிருப்பான். உயிர்க்காப்பீடு அவசியம், கடனுக்கு அடமானமாக வீடு இருக்கும்போது சம்பாதிக்கிறவரின் உயிருக்கும் ஒரு காப்பு வேண்டும். அதை வங்கி நீட்டும் தாளில்தான் எடுக்க வேண்டும் என்று எந்த விதியும் இல்லை.

இனி தவணைக்கு வருவோம்.

முதல் மாதம் கட்டிய 31,012 ரூபாயில் வட்டி 23,333. அசலில் கழிந்தது 7,679. முதல் வருடம் முழுவதும் கட்டியது 3,72,144. அதில் அசல் 95,158. 'வங்கிக்காரன் வட்டியை முதலில் பிடித்துக்கொள்கிறான்' என்று நம் ஊரில் ஒரு கோபம் உண்டு. வங்கி அப்படித் தந்திரமாக எதையும் மாற்றி வைக்கவில்லை. நிற்கிற கடனுக்கு அந்த மாதத்து வட்டி எவ்வளவோ அது போக, மீதி அசலுக்குப் போகிறது. கடன் பெரிதாக நிற்கும் வருடங்களில் வட்டியும் பெரிதாக இருக்கிறது. விளைவு என்னவோ கசப்பானதுதான். வட்டி 7 சதவீதத்திலேயே கடைசிவரை நின்றிருந்தாலும், பாதி அசல் அடைபட 13 வருடம் 3 மாதம் ஆகும். மீதிப் பாதி ஆறே முக்கால் வருடத்தில் கரைந்துவிடும். 20 வருடக் கணக்கில் மொத்தம் 74,42,870. வட்டி 34,42,870.

அவன் வாங்கிய நேரம் அப்படி. ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டியான ரெப்போ, 2020 மே மாதத்திலிருந்து 4 சதவீதத்தில் நின்றது. வீட்டுக் கடன் ஆறரைக்கும் ஏழுக்கும் கிடைத்த காலம் அது. 2019 அக்டோபர் 1 முதல், வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டிக் கடன்களை ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டிவைக்க வேண்டும் என்று விதி வந்திருந்தது. ரெப்போ இறங்கும்போது நம் வட்டியும் இறங்கும் என்ற நல்ல செய்தியாகத்தான் அது பேசப்பட்டது. அந்தக் கயிறு இரண்டு பக்கமும் இழுக்கும்.

2022 மே 4 அன்று ரிசர்வ் வங்கி, வழக்கமான கூட்டத்துக்கு முன்பாகவே ரெப்போவை 4.40 ஆக்கியது. ஜூனில் 4.90, ஆகஸ்டில் 5.40, செப்டம்பரில் 5.90, டிசம்பரில் 6.25, 2023 பிப்ரவரியில் 6.50. பத்து மாதத்துக்குள் 2.5 சதவீதப் புள்ளிகள். தம்பியின் 7 சதவீதம் 9.5 ஆனது.

கேட்பதற்கு இரண்டரைதான். 7 என்ற எண்ணோடு வைத்துப் பார்த்தால் வட்டிச் சுமை மூன்றில் ஒரு பங்குக்கு மேல் கூடியிருக்கிறது. ஒரு வருடம் கட்டிய பிறகு அவன் கடன் 39,04,842 ரூபாய். 9.5 சதவீதத்தில் அதற்கு ஒரு மாத வட்டி 30,913. அவன் கட்டிக்கொண்டிருந்த தவணை 31,012. மாதம் முழுவதும் உழைத்துக் கட்டும் முப்பத்தோராயிரத்தில் அசலுக்குப் போவது 99 ரூபாய்.

இதை எழுதியபோது தப்பாகக் கணக்குப் போட்டுவிட்டேனோ என்று மூன்று முறை சரிபார்த்தேன். சரியாகத்தான் இருந்தது. பழைய தவணையை மாற்றாமல் அப்படியே விட்டிருந்தால் கடன் அடைய இன்னும் 729 மாதம் ஆகும். 60 வருடம் 9 மாதம். அவனுக்கு அப்போது 95 வயது தாண்டியிருக்கும்.

வங்கி அவ்வளவு தூரம் போக முடியாது. அதற்கும் வயது வரம்பு, கால வரம்பு உண்டு. ஆகவே கடனை மொத்தம் 30 வருடத்துக்கு நீட்டி, அதற்குள் முடியும்படி தவணையைக் கொஞ்சம் ஏற்றியது. அந்தக் கொஞ்சம்தான் அவன் சொன்ன 'ரெண்டாயிரம்'. காலத்தை நீட்டாமல் பழையபடி 19 வருடத்திலேயே முடிப்பதென்றால் தவணை 37,051 ஆகியிருக்கும். நோட்டில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதினேன். 37,051 கட்டினால் கடன் முழுவதற்கும் மொத்தம் 88,19,704. 33,038 கட்டினால் மொத்தம் 1,18,69,264. மாதம் 4,013 ரூபாய் குறைவாகக் கட்டுவதற்கு விலை, முப்பதரை லட்சம்.

வங்கி ஏன் தவணையை விட்டு மாதத்தைக் கூட்டுகிறது என்று தம்பி கேட்டான். தவணை திடீரென்று ஆறாயிரம் ஏறினால் பலரால் கட்ட முடியாமல் போகும். கடன் வாராக்கடனாகும் என்ற பயம் வங்கிக்கு. காலம் நீண்டால் வட்டி வரவும் நீளும். கடன் வாங்கியவருக்கோ மாதச் செலவு கலையாமல் இருப்பது பெரிய நிம்மதி. மூன்றும் ஒரே பக்கம் சாய்வதால் யாரும் வாய் திறப்பதில்லை. சம்பளக் கணக்கிலிருந்து தானாகப் பிடிக்கும் தொகை மாறாமல் இருக்கும்வரை, எத்தனை மாதம் பிடிப்பார்கள் என்ற கேள்வியே எழுவதில்லை.

இப்படிச் சொல்லாமல் நீட்டப்பட்ட கடன்கள் நாடு முழுவதும் பெருகிய பிறகுதான், 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை அனுப்பியது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்வதா என்பதைக் கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும். நிலையான வட்டிக்கு மாறவும் வழி தர வேண்டும் என்று அப்போது சொன்னது (2025 அக்டோபரிலிருந்து அது வங்கியின் விருப்பம்). காலத்தை நீட்டி நீட்டி, மாத வட்டிக்கே தவணை போதாத நிலைக்குக் கொண்டுபோகக் கூடாது. மூன்று மாதத்துக்கு ஒரு முறை, இதுவரை வசூலான அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, மீதித் தவணைகள் எத்தனை, ஆண்டு வட்டி எவ்வளவு என்று அறிக்கை தர வேண்டும். வீட்டுக் கடன் உள்ள எல்லோரும் அந்த அறிக்கையைக் கேட்டு வாங்க வேண்டும். வாங்கி, மீதித் தவணைகள் என்ற வரியை மட்டுமாவது ஒரு நோட்டில் எழுதிவைக்க வேண்டும். இதை நான் சொந்தக்காரர் ஒருவரையும் விடாமல் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

தம்பியால் 2023இல் 37,051 கட்ட முடியவில்லை. குழந்தை பிறந்த வருடம் அது. மனைவி சம்பளமில்லா விடுப்பில் இருந்தாள். தனிநபர் கடனும் ஓடிக்கொண்டிருந்தது. முப்பதரை லட்சம் என்று என் நோட்டைக் காட்டி அவனைப் பயமுறுத்தியதற்காகப் பின்னால் வருத்தப்பட்டேன். கையில் இல்லாத ஆறாயிரத்தை எந்தக் கணக்கும் கொண்டுவந்து தராது. 33,038 என்றே போகட்டும், முதலில் 13 சதவீதக் கடனை அடைத்துவிடு, வீட்டுக் கடனைப் பிறகு பார்ப்போம் என்றேன். அந்த வரிசை சரியென்றே இன்றும் நினைக்கிறேன். 13 சதவீதக் கடனை வைத்துக்கொண்டு 9.5 சதவீதக் கடனில் முன்கூட்டிப் பணம் கட்டுவது நஷ்டம்.

33 மாதம் அப்படியே போனது. 2026 தொடக்கத்தில் நோட்டைப் புரட்டினோம். கடன் வாங்கி 45 மாதம் ஆகியிருந்தது. கட்டியது 14,62,388 ரூபாய். அசலில் குறைந்தது 1,74,915. பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவன் மனைவி அந்த இரண்டு எண்களையும் மாறி மாறிப் பார்த்தாள். ஒன்றும் சொல்லவில்லை.

இதற்குள் காற்று திசை மாறியிருந்தது. 2025 பிப்ரவரியில் ரெப்போ 6.25 ஆனது. ஏப்ரலில் 6.00, ஜூனில் 5.50, டிசம்பரில் 5.25. மொத்தம் ஒன்றேகால் புள்ளி இறக்கம். அவன் வட்டி 8.25 ஆனது. வங்கி இந்த முறை கேட்டது: தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா?

கடன் மீதி 38,25,085. மீதித் தவணைகள் 315. காலத்தை அப்படியே வைத்தால் தவணை 29,733 ஆக இறங்கும். கையில் மாதம் 3,305 ரூபாய் மிஞ்சும். வீட்டில் ஒரு வாரச் சாமான் வாங்கலாம். பழைய 33,038ஐயே கட்டிவந்தால், 315 தவணைகள் 232 ஆகக் குறையும். ஒரு ரூபாய்கூடக் கூடுதலாகக் கட்டாமல் 83 மாதம், கிட்டத்தட்ட 7 வருடம் கழிகிறது. இரண்டு வழிக்கும் இனிமேல் கட்டும் தொகையில் வித்தியாசம் 17 லட்சம். வட்டி ஏறியபோது நம்மிடமிருந்து பிடுங்கிய காலத்தைத் திரும்ப வாங்கிக்கொள்ளக் கிடைத்த வாய்ப்பு இது. வட்டி இறங்கும்போது தவணையைக் குறைத்துக்கொள்கிறவர்கள் அந்தக் காலத்தை வங்கியிடமே விட்டுவிடுகிறார்கள்.

இந்த முறை தம்பி முதலில் கேட்டதே மாதத்தைத்தான். "அண்ணே, எத்தன மாசம் குறையும்?"

காலத்தைக் குறைக்கச் சொல்லி எழுதிக் கொடுத்தான்.

முன்கூட்டிக் கட்டுவதன் கணக்கும் அதே பக்கத்தில் இருக்கிறது. இன்றைய நிலையில் அவன் 1 லட்சம் ரூபாயைக் கூடுதலாகக் கட்டினால், கடைசியில் 14 தவணைகள் மறைந்துவிடும். மதிப்பு 4.68 லட்சம். அதே 1 லட்சத்தை, இன்னும் 4 வருடம்தான் பாக்கி என்ற கட்டத்தில் கட்டினால் மிச்சமாவது 1.37 லட்சம்தான். ஓய்வு பெறும்போது வரும் பணத்தை மொத்தமாகக் கொண்டுபோய்க் கடனை அடைப்பது நம் குடும்பங்களில் வழக்கம். அப்போது கட்டும் லட்சத்தைவிட இப்போது கட்டும் இருபத்தைந்தாயிரத்துக்கு வேலை செய்யக் காலம் அதிகம். தனிநபர்கள் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. ஆறு மாதச் செலவுக்கான பணத்தைத் தனியாக வைத்துவிட்டு, தீபாவளி போனஸில் பாதியாவது அசலில் போட வேண்டும். கட்டும்போது, இது அசலுக்கு, காலத்தைக் குறையுங்கள் என்று எழுத்தில் தர வேண்டும்.

வரிச் சலுகையை நம்பி வீடு வாங்கச் சொல்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். பழைய வரிமுறையில், குடியிருக்கும் வீட்டுக் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு. 20 சதவீத வரி வரம்பில் இருப்பவருக்கு அது செஸ்ஸோடு சேர்த்து 41,600 ரூபாய். புதிய வரிமுறையில் அந்தக் கழிவு கிடையாது. தம்பி புதிய முறையில் இருக்கிறான். என் நோட்டில் இந்தச் சலுகைக்கு நேரே பூஜ்யம்.

வட்டி இனி 8.25லேயே நிற்கும் என்று வைத்துக்கொண்டால் (நிற்காது, ஏறும் இறங்கும்), 277 மாதத்தில், அதாவது 23 வருடம் 1 மாதத்தில், கடன் முடியும். வங்கிக்குக் கட்டிய மொத்தம் 91,27,000. அதோடு தொடக்கச் செலவு 16 லட்சம், தனிநபர் கடன் வட்டி 1.83 லட்சம். சொத்து வரி, சுண்ணாம்பு, மோட்டார், மொட்டை மாடி ஒழுகல் என்று ஆண்டுக்கு 40,000 வைத்து, அது வருடத்துக்கு 6 சதவீதம் ஏறினால் 23 வருடத்தில் 18.80 லட்சம். 2022 ஏப்ரலில் தமிழ்நாட்டில் சொத்து வரி 25 முதல் 150 சதவீதம் வரை ஏறியதைப் பார்த்தவர்களுக்கு 6 சதவீதம் அதிகமாகத் தோன்றாது. எல்லாம் சேர்த்து 1 கோடியே 28 லட்சம். 50 லட்ச ரூபாய் வீட்டுக்கு.

நியாயமாகப் பார்த்தால் எதிர்ப்பக்கமும் எழுத வேண்டும். முன்பு அவன் கொடுத்த வாடகை 14,000. அது வருடத்துக்கு 5 சதவீதம் ஏறினால் 23 வருடத்தில் 69.60 லட்சம் வாடகையாகவே போயிருக்கும். கையில் வீடும் இருக்காது. பணத்தின் மதிப்பும் தேய்கிறது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால் 20 வருடம் கழித்துக் கட்டும் 33,038 ரூபாய், இன்றைய 12,452க்குச் சமம். சம்பளம் ஏறுகிறவருக்குத் தவணையின் பாரம் வருடம்தோறும் குறையும். அதனால்தான் கடனே வாங்காதே என்று நான் யாரிடமும் சொன்னதில்லை. அந்த வீட்டின் திண்ணையில் என் சித்தி சாயங்காலம் உட்கார்ந்து பூக்கட்டுகிறாள். வீட்டுக்காரர் காலி செய்யச் சொல்வார் என்ற பயத்தில் நான்கு வீடு மாறியவள் அவள். அதற்கு என் நோட்டில் பத்தி இல்லை.

கடைசிப் பக்கத்தில், இன்னும் தொகை எழுதாமல் ஒரு வரி விட்டுவைத்திருக்கிறேன். 277ஆவது தவணை கட்டியதோடு வேலை முடியாது. கடன் தீர்ந்தது என்ற கடிதத்தை வங்கியில் வாங்க வேண்டும். கொடுத்த மூலப்பத்திரங்களை 30 நாளுக்குள் அவர்கள் திருப்பித் தர வேண்டும். அவர்கள் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பது 2023 டிசம்பர் முதல் நடைமுறையில் உள்ள விதி. அதன் பிறகு சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போய் அடமானத்தை ரத்து செய்யும் ரசீதைப் பதிய வேண்டும். அதைச் செய்யாதவரை, கடனே இல்லாத வீட்டுக்கும் வில்லங்கச் சான்றில் அந்த வங்கியின் பெயர் நிற்கும். ரசீது பதிந்த பிறகு புதிய வில்லங்கச் சான்று ஒன்று எடுக்கச் சொல்லி, அந்த வரிக்கு நேரே பென்சிலில் குறித்திருக்கிறேன். அப்போது தம்பிக்கு 57 வயது நடக்கும்.